உள்ளொளியின் நிறத்துக்கு யார் சாட்சி?

அபுதாபியில் 2007-இல் திறக்கப்பட்ட ஷேக் சாயித் பெரிய பள்ளிவாசலின் வெண்பளிங்குச் சுவர்கள்மீது இரவில் பாய்ச்சப்படும் ஒளி, நிலவின் நிலைக்கேற்ப நிறம் மாறும்படி அமைக்கப்பட்டது. முழுநிலா இரவில் தூய வெண்மையாக இருக்கும் அது, பிறை தேயத் தேய நீலம் ஏறி, நிலவற்ற இரவில் ஆழ்ந்த நீலமாகிறது. அந்த நிறமாற்றம் சந்திரனைக் கொண்டு மாதங்களை எண்ணும் இஸ்லாமிய நாட்கணக்கை நினைவூட்டுகிறதே அன்றி, முற்றத்தில் நிற்பவரின் மனநிலையைப் பற்றி எதையும் சொல்வதில்லை. பார்ப்பவருக்கு அமைதி தோன்றலாம், வியப்பு தோன்றலாம், துயரமும் தோன்றலாம். சுவரின் நீலம் அவற்றுள் எதையும் அறியாது. ஆயினும் மனித உணர்ச்சிக்கே ஓர் ஒளி உண்டு, சினத்துக்கு ஒரு நிறமும் அச்சத்துக்கு வேறொரு நிறமும் உண்டு, பயிற்சி பெற்ற கண்ணுக்கு அவை புலப்படும் என்ற எண்ணம் மிகப் பழையது. இன்றைய மாயக் கதைகளில் அது விதிகளும் வாய்பாடுகளும் கொண்ட ஒரு முழு அறிவியலாகவே வளர்ந்து நிற்கிறது. கதைக்கு அது ஒரு வசதி. சமயங்கள் அதே எண்ணத்தை ஒரு கேள்வியாக எடுத்துக்கொண்டன: உள்ளத்துக்கு நிறமுள்ள ஒளி உண்டெனில், அதைக் காணும் உரிமையும் தகுதியும் யாருக்கு?

இக்கேள்விக்கான விடைகளில் சில, வளைகுடாவின் கரைகளோடும் அதற்கப்பாலுள்ள பாரசீக நிலத்தோடும் தொடர்புடையவை. வளைகுடாவின் வடமுனைக்கு அருகிலுள்ள பஸ்ராவில் ஏறத்தாழ 965-இல் பிறந்து, பின்னர் கெய்ரோவில் வாழ்ந்த இப்னுல் ஹைதம், ‘கிதாபுல் மனாளிர்’ என்னும் ஒளியியல் நூலை ஏழு பகுதிகளாக எழுதினார். கண்ணிலிருந்து கதிர் புறப்பட்டுப் பொருளைத் தீண்டுவதால் பார்வை உண்டாகிறது என்ற பழைய கொள்கையை மறுத்து, பொருளிலிருந்து ஒளியும் அதனோடு கூடிய நிறமும் நேர்கோட்டில் கண்ணை வந்தடைகின்றன என்று அவர் நிறுவினார். வெயில் பட்ட பசுந்தழையின் அருகே வெண்துணியைப் பிடித்தால் துணியில் பச்சை படிவதுபோன்ற எளிய சோதனைகள் அவருடைய சான்றுகள். நிறம் இவ்வாறு புறவுலகின் செய்தியாகிவிட்டாலும், பார்வை கண்ணோடு முடிந்துவிடுவதாக அவர் கருதவில்லை. கண்டதை இன்னது என்று அறிவதற்கு நினைவும் ஒப்பீடும் ஊகமும் வேண்டும் என்றும், அவை மிக விரைவாக நிகழ்வதால் மனிதர் தாம் ஊகிப்பதையே உணர்வதில்லை என்றும் விளக்கினார். ஒளி கண்ணில் உண்டாக்கும் விளைவு வலியின் இனத்தைச் சேர்ந்தது, மெல்லிய ஒளியில் அது உணரப்படாமல் போகிறது என்பது அவருடைய நுட்பமான கருத்துகளுள் ஒன்று. ஆகவே காட்சியோடு உணர்வும் கலந்தே இருக்கிறது என்பதை அவர் மறுக்கவில்லை. ஆனால் அந்த வலி காண்பவனுடையது. அடுத்தவன் அதைக் காண்பதில்லை. இந்த வேறுபாட்டை ஆன்மிக நூல்கள் அறிந்திருந்தனவா என்பதே இங்கு ஆராயத் தக்கது.

பஸ்ராவிலிருந்து தெற்கே, இன்றைய சவூதி அரேபியாவின் கிழக்குப் பகுதியில், பேரீச்சந்தோப்புகள் நிறைந்த அல்-அஹ்சா என்னும் பாலைவனச் சோலை உள்ளது. அங்கு 1753-இல் பிறந்து, பஹ்ரைன், ஈராக், ஈரான் எனப் பல இடங்களில் வாழ்ந்து, 1826-இல் மதீனாவுக்கு அருகே காலமான ஷைகு அஹ்மது அல்-அஹ்சாயீ, ஷியா மரபில் ‘ஷைகிய்யா’ எனப்படும் சிந்தனைப் பிரிவுக்கு மூலவர். அவர் வழியினர் இன்றும் குவைத்திலும் அல்-அஹ்சாவிலும் பஸ்ராவிலும் வாழ்கின்றனர். இறைவனின் அரியணை, அதாவது ‘அர்ஷ்’, சிவப்பு, பச்சை, மஞ்சள், வெண்மை ஆகிய நான்கு ஒளிகளால் ஆனது என்று ஷியா நபிமொழித் தொகுப்புகளில் வரும் ஒரு செய்தியை இப்பிரிவினர் விரித்துரைத்தனர்: வெள்ளொளி அறிவையும், மஞ்சளொளி உயிராகிய ‘ரூஹை’யும், பச்சையொளி ஆன்மாவையும், செவ்வொளி இயற்கையையும் குறிக்கும். இதே மரபில் பின்னர் வந்த முஹம்மது கரீம் கான் கிர்மானி சிவப்பு நிறம் ஒன்றைப் பற்றி மட்டுமே தனி நூல் எழுதினார். உலகில் காணும் நிறங்கள் யாவும் மேலுலக நிறங்களின் இறங்குநிலைகள் என்பதும், ஒளிக்கு நிறமே உடல் போன்றது என்பதும் இவர்களின் கொள்கை. வண்ண ஒளியைக் கொண்டு பிரபஞ்சத்தையே அளக்கும் பெருந்திட்டம் இது. எனினும் ஒரு தனிமனிதனின் சினமோ ஆசையோ எந்த நிறத்தில் ஒளிரும் என்ற வினாவுக்கு இதில் நேரான விடை கிடைப்பதில்லை. அந்த விடையைத் தேட இன்னும் சில நூற்றாண்டுகள் பின்னோக்கிச் செல்லவேண்டும்.

நடு ஆசியாவின் குவாரிஸ்ம் நாட்டில் பன்னிரண்டாம் நூற்றாண்டில் பிறந்து, 1221-இல் மங்கோலியப் படையெடுப்பின்போது கொல்லப்பட்ட நஜ்முத்தீன் குப்ரா, தமிழ்நாட்டு முஸ்லிம்கள் ‘தரீக்கா’ என்று சொல்லும் சூஃபி ஞானவழிகளுள் ஒன்றான குப்ரவிய்யாவின் தலைவர். தனியறையில் இருட்டில் அமர்ந்து, கண்மூடி, இறைநாமத்தை இடைவிடாது நினைக்கும் ‘திக்ரு’ என்னும் பயிற்சியில் ஈடுபடும் சீடன், அதாவது ‘முரீது’, மூடிய கண்களுக்குள் காணும் ஒளிகளை அவர் அரபு மொழியில் முறையாகப் பதிவுசெய்தார். பச்சை, நெஞ்சமாகிய ‘கல்பு’ உயிர்ப்புடன் இருப்பதன் அடையாளம். தெளிந்த நெருப்பின் நிறம் ஆன்ம ஊக்கத்தின் அடையாளம். அந்நெருப்பு மங்கிப் புகைந்தால், தன்முனைப்போடு நடத்திய போராட்டத்தில் சீடன் களைத்துவிட்டான் என்று பொருள். நீலம், ஆசையும் ஆணவமும் குடிகொண்ட ‘நஃப்ஸு’ உயிர்ப்புடன் இருப்பதைக் காட்டும். மஞ்சள், தளர்ச்சியைக் காட்டும்.

இதுவரை படிப்பவர் இதை ஓர் அட்டவணை என்றே கொள்ளக்கூடும். குப்ரா அதோடு சேர்த்து ஒரு நிபந்தனையையும் வைக்கிறார் என்பதுதான் பலரும் கவனியாமல் கடந்துபோகும் இடம். உள்ளே காணும் நிறத்துக்கு இரண்டு சாட்சிகள் உள்ளன என்கிறார் அவர்: ஒன்று அகப்பார்வை; மற்றொன்று ‘தவ்கு’, அதாவது சுவைத்தறிதல். பச்சையைக் கண்டவன் அதே கணத்தில் நெஞ்சின் விரிவையும் தெளிவையும் தன்னுள் அனுபவித்தால்தான் கண்டது மெய். நிறம் தெரிந்து சுவை தெரியாவிட்டால் ஒரு சாட்சி மட்டுமே பேசியதாகும். கொடுக்கல் வாங்கலுக்கு இரு சாட்சிகளைக் கேட்கும் சட்ட மரபில் வளர்ந்தவர்களுக்கு இதன் கடுமை உடனே விளங்கியிருக்கும். இரண்டாவது சாட்சியைக் கண்டவனைத் தவிர வேறு எவரும் அழைக்க முடியாது என்பது இந்நிபந்தனைக்குள்ளேயே அடங்கியுள்ளது.

இந்நிபந்தனை வெறும் எச்சரிக்கை உரை அன்று என்பதைக் குப்ராவின் வழிவந்தவர்களிடையே காணப்படும் முரண்பாடுகளே காட்டுகின்றன. அவருடைய மாணவர் வட்டத்தைச் சேர்ந்த நஜ்முத்தீன் ராஸி, நிறங்களை வேறு வரிசையில் அடுக்கினார்; வெண்மையை இஸ்லாத்துக்கும், மஞ்சளை நம்பிக்கைக்கும், பச்சையை மனநிறைவுக்கும், சிவப்பை ஞானத்துக்கும் உரியதாக்கி, எல்லாவற்றுக்கும் மேலாகக் காதலின் பித்துநிலைக்குக் கருமையை வைத்தார். 1336-இல் காலமான அலாவுத்தவ்லா சிம்னானி, மங்கோலிய அரசவைப் பணியைத் துறந்து துறவியானவர். மனிதனுக்குள் ‘லதீஃபா’ எனப்படும் ஏழு நுண்ணுறுப்புகள் உள்ளன என்றும், ஒவ்வொன்றும் ஓர் இறைத்தூதரைப் போன்றது என்றும், ஒவ்வொன்றுக்கும் ஒரு நிறத் திரை உண்டு என்றும் எழுதிய அவர், நெஞ்சத்துக்குச் சிவப்பையும், இறுதி நிலைக்குப் பச்சையையும் கொடுத்தார். குப்ராவுக்கு நெஞ்சம் பச்சை, சிம்னானிக்குச் சிவப்பு. ராஸியின் உச்சம் கருமை, சிம்னானியின் உச்சம் பச்சை. சில தலைமுறைகளுக்குள், ஒரே வழியில் வந்தவர்கள் ஒரே நிறத்துக்கு வெவ்வேறு பொருள் கூறியது புறவுலகைப் பற்றிய அறிவியலாக இருந்திருந்தால் அக்கொள்கையையே வீழ்த்தியிருக்கும். இங்கு அது எவரையும் உலுக்கவில்லை. ஏனெனில் பட்டியல் எதுவும் தனித்துத் தீர்ப்பளிக்கும் அதிகாரம் பெற்றிருக்கவில்லை. மூடிய கண்ணுக்குள் இருட்டில் வண்ணப் பொறிகள் தோன்றுவது எல்லா மனிதர்க்கும் இயல்பான உடல் நிகழ்வு என்று இன்றைய மருத்துவம் சொல்வதும், எழுத்தையோ இசையையோ உணரும்போதே நிறத்தையும் உணரும் சிலரிடம் அந்நிறங்கள் ஆளுக்கு ஆள் மாறுபடுவதாக உளவியலாளர் கண்டிருப்பதும் இவ்விடத்தில் சூஃபிகளுக்கு எதிரான வாதங்களாக அல்லாமல் அவர்களின் எச்சரிக்கைக்குத் துணைநிற்பவையாகவே தோன்றுகின்றன.

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. சீடன் தான் கண்டதை ஆசானாகிய ‘ஷைகி’டம் சொல்ல வேண்டும், அவரே அதன் பொருளைத் தெளிவுறுத்துவார் என்பது இம்மரபின் அடிப்படை விதி, அப்படியாயின் ஒருவரின் உள்ளத்தை மற்றொருவர் படிப்பதாகத்தானே ஆகிறது? ஆசானுக்கு மறைபொருளை அறியும் ஆற்றல் உண்டு என்று சொல்லும் கதைகளும் சூஃபி வரலாறுகளில் ஏராளம். ஆனால் நடைமுறையைக் கூர்ந்து பார்த்தால், பேசத் தொடங்குபவன் சீடனே, ஆசான் கேட்பவர். கண்ட நிறம், அப்போது உண்ட உணவு, உறக்கம், மனத்தில் ஓடிய எண்ணம் யாவற்றையும் சீடன் ஒப்புவித்த பின்னரே விளக்கம் வருகிறது. அந்த விளக்கமும் அடுத்து என்ன செய்யவேண்டும் என்ற அறிவுரையாக வருகிறதே ஒழிய, இவன் இன்ன தரத்தினன் என்ற முத்திரையாக வருவதில்லை. இக்காரணத்தால் ஆசானின் விளக்கம் சீடனின் சாட்சியத்தை விலக்கிவிடுவதில்லை. இவ்வொழுங்கு எல்லாக் காலத்திலும் காக்கப்பட்டது என்று சொல்லிவிட முடியாது. ஆயினும் ஒழுங்கின் அமைப்பு அதுவே.

தமிழ் மரபு இதே வினாவை வேறு திசையிலிருந்து அணுகியது, சில வேளை ஆபத்தான திசையிலிருந்தும். மணிமேகலையில் பல சமயத்தாரின் கொள்கைகளைக் கேட்கும் காதையில் ஆசீவகரின் கோட்பாடாக ஆறு நிறப் பிறப்புகள் கூறப்படுகின்றன. கருமை, கருநீலம், பசுமை, செம்மை, பொன்மை, வெண்மை என்று உயிர்கள் படிப்படியாக ஏறி, இறுதியில் வெண்மையை அடைந்து வீடுபெறும் என்பது அதன் சாரம். எல்லாம் ஊழின்படியே நிகழும் என்று நம்பிய ஆசீவகருக்கு, நிறம் மாறுவது முயற்சியின் பயன் அன்று. ஆகவே ஒருவரின் நிறம் அவருடைய தரமாகவே நின்றுவிடுகிறது. சமணர் கூறும் ‘இலேசியை’ இதற்கு நெருங்கிய உறவினது போலத் தோன்றினாலும் உள்ளடக்கத்தில் விலகியது. வினையோடு கூடிய எண்ணங்களால் உயிர்மீது படியும் நிறச்சாயலே இலேசியை. கருமை, நீலம், புறாவின் சாம்பல், நெருப்பின் நிறம், தாமரையின் நிறம், வெண்மை என அது ஆறு. பசியோடு ஒரு பழமரத்தை அடைந்த ஆறு பேரில் ஒருவன் மரத்தையே வேரோடு வீழ்த்த நினைக்க, அடுத்தவன் பெருங்கிளையையும், அதற்கடுத்தவன் சிறு கொம்பையும், பின்னவன் கொத்தையும், அவன்பின் ஒருவன் கனியை மட்டும் பறிக்கவும் நினைக்க, ஆறாமவன் தரையில் உதிர்ந்ததே போதும் என்று இருந்ததாகச் சமணர் இதை விளக்குவர். நிறம் இங்கு எண்ணத்துக்கு உரியது, ஆளுக்கு அன்று. எண்ணம் மாறினால் நிறமும் மாறும், உயிரோ இயல்பில் நிறமற்றது. கூத்து நூலாகிய நாட்டிய சாத்திரமும் சினச்சுவைக்குச் சிவப்பு, அச்சச்சுவைக்குக் கருமை, நகைக்கு வெண்மை என நிறம் வகுத்தது. ஆனால் அது மேடைக்கான வழக்கு, அரங்கை விட்டு வெளியே வந்தால் அதற்கு வேலையில்லை.

நிறத்தின் இடத்தை இவர்கள் எல்லோரையும்விடத் தெளிவாக உருவில் அமைத்துக் காட்டியவர் இராமலிங்க வள்ளலார் எனலாம். வடலூரில் 1872 சனவரி 25-ஆம் நாள், தைப்பூசத்தன்று, முதல் வழிபாடு நடந்த சத்திய ஞான சபையில் ஒளியை மறைத்து ஏழு திரைகள் தொங்குகின்றன. கருப்பு மாயா சக்தியையும், நீலம் கிரியா சக்தியையும், பச்சை பரா சக்தியையும், சிவப்பு இச்சா சக்தியையும், பொன்னிறம் ஞான சக்தியையும், வெண்மை ஆதி சக்தியையும், பல நிறம் கலந்த திரை சிற்சக்தியையும் குறிக்கும். ஆண்டுக்கொரு முறை தைப்பூசத்தில் ஏழும் நீக்கப்பட்டுச் சோதி காட்டப்படுகிறது. சிம்னானியின் ஏழு நிறத் திரைகளை வள்ளலார் அறிந்திருந்தார் என்பதற்குச் சான்று தேடுவது வீண். இருவருக்கும் பொதுவானது, நிறம் என்பது விலக்கப்பட வேண்டியது என்ற முடிவு. இறைவனுக்கும் மனிதனுக்கும் இடையே ஒளியாலும் இருளாலும் ஆன எழுபதாயிரம் திரைகள் உண்டு என்ற நபிமொழிக்கு விளக்கம் எழுதிய இமாம் கஸ்ஸாலி, இருள் மட்டுமன்றி ஒளியும் திரையாகும் என்பதில் தனிக் கவனம் செலுத்தியதும் இதே நோக்கில்தான். வடலூரில் பொன்னிறத் திரை கருப்புத் திரையைவிட உயர்ந்ததாயினும் அதுவும் திரையே. அங்கு வந்து நிற்பவரை நோக்கி, நீ நீலத்தில் இருக்கிறாய், நீ சிவப்பைத் தாண்டவில்லை என்று எவரும் சொல்வதில்லை. ஏழும் எல்லார்க்கும் பொது.

வடலூர்ச் சபை எழுந்து பத்தே ஆண்டுகளில், 1882-இல், பிரம்மஞான சபையின் தலைமையகம் சென்னை அடையாறுக்கு வந்தது. உணர்ச்சிகளை வண்ண ஒளியோடு இணைக்கும் புதிய ‘அறிவியல்’ ஒன்று அச்சேறிய வடிவம் பெற்றது இச்சபையாரின் கையில்தான். அவர்களுள் ஒருவரான லெட்பீட்டர் 1902-இல் வெளியிட்ட மனிதனின் புலப்படும், புலப்படா உடல்கள் பற்றிய நூலிலும், அவரும் அன்னி பெசன்ட்டும் சேர்ந்து எழுதிய எண்ண வடிவங்கள் பற்றிய நூலிலும், இருபத்தைந்து நிறக் கட்டங்கள் கொண்ட ஓர் அட்டவணை முன்னால் நிற்கிறது. கருமை பகைமைக்கும், சிவப்பின் சாயல்கள் சினத்துக்கும் ஆசைக்கும், சாம்பல் அச்சத்துக்கும், நீலம் பக்திக்கும், மஞ்சள் அறிவுக்கும் என ஒவ்வொன்றும் அசையாமல் பொருத்தப்பட்டுள்ளது. ஞானக்கண் பெற்றவர் எதிரில் இருப்பவரைச் சுற்றியுள்ள ஒளிவட்டத்தைப் பார்த்து, அவர் வாய் திறவாமலே, அவருடைய சினத்தையும் பக்தியையும் அளந்துவிடலாம் என்பது இதன் உரிமைகோரல். காந்தின்ஸ்கி முதலிய ஓவியர்களின் கற்பனைக்கு இந்நூல்கள் ஊட்டம் தந்தன என்பதை மறுப்பதற்கில்லை. கலைக்கு அவை செய்த நன்மை மெய்யறிவுக்குச் செய்த நன்மையைவிட மிகப் பெரியது.

குப்ராவின் பட்டியலுக்கும் அடையாறு அட்டவணைக்கும் மேலோட்டமான ஒற்றுமை மிகுதி. ஆனால் இரண்டாவது சாட்சி இங்கே நீக்கப்பட்டுவிட்டது. காணப்படுபவரின் சுவைத்தறிதல் தேவையில்லை, காண்பவரின் சொல்லே போதும். அச்சொல்லைச் சரிபார்க்கும் வழியோ எதிரிலிருப்பவருக்கு இல்லை. அறிவியலின் மொழியைப் பூண்டுகொண்டு, அறிவியலின் பொறுப்பான பொதுச் சோதனையையும், ஆன்மிகத்தின் பொறுப்பான தன்சோதனையையும் ஒருங்கே தவிர்த்துவிட்ட இந்நிலைதான் பின்னர் வந்த பல போலிகளுக்கு வழிவிட்டது. இலண்டன் மருத்துவர் வால்டர் கில்னர் 1911-இல் சாயக் கண்ணாடி வழியே மனித ஒளிவட்டத்தைக் காணலாம் என்று நூல் எழுதினார். பம்பாயில் பிறந்து அமெரிக்காவில் குடியேறிய பார்சியான தின்ஷா காதியாலி, பன்னிரண்டு நிற ஒளிகளால் எல்லா நோயும் தீரும் என்று ஒரு கருவியை விற்று, 1947-இல் நீதிமன்றத் தண்டனைக்கு ஆளானார். கையில் வைத்த தகட்டின் மின்கடத்தலை அளந்து அதற்கேற்ற வண்ணத்தைப் படத்தில் சேர்த்து, இதுவே உமது ஆன்ம ஒளி என்று விற்கும் நிழற்படக் கருவிகள் அவ்வரிசையின் இன்றைய பிள்ளைகள்; இவற்றைப் பற்றி இதற்குமேல் சொல்வதற்கு ஒன்றுமில்லை.

ஆனால் பிறர் உள்ளத்தை வெளியிலிருந்து படிக்கும் ஆசை, ஞானக்கண்ணை நம்பாத காலத்திலும் தீர்ந்துவிடவில்லை. ஐக்கிய அரபு அமீரகம் 2016-இல் மகிழ்ச்சிக்கென ஓர் அமைச்சரையே நியமித்தது. துபாயின் அரசுச் சேவை மையங்களில் வந்து செல்பவரின் மனநிறைவை அறிய ‘மகிழ்ச்சி மானி’ என்னும் முறை புகுத்தப்பட்டது. மகிழ்ச்சியை எண்ணாக்கும் இம்முயற்சியைக் கேலி செய்வது எளிது. எனினும், அதில் சிரிக்கும் முகத்தையோ வாடிய முகத்தையோ தேர்ந்து அழுத்துபவர் சேவை பெற்றவரே. மிகத் தட்டையான வடிவிலாயினும், தம் நிலைக்குச் சாட்சி சொல்பவர் அவர்தான். விசா புதுப்பிக்க வந்த தொழிலாளி, அருகில் மேலாளர் நிற்கிறார் என்பதற்காகச் சிரித்த முகத்தை அழுத்தக்கூடும். அப்போதும் பொய் சொல்லும் உரிமையாவது அவரிடம் இருக்கிறது. ஒளிப்படக் கருவி முகத்தசைகளைக் கணித்து, இவர் சினத்திலிருக்கிறார், இவர் அச்சத்திலிருக்கிறார் என்று திரையில் முத்திரையிடும் செயலிகளில் அந்த உரிமையும் இல்லை. ஐரோப்பிய ஒன்றியம் 2024-இல் இயற்றிய செயற்கை நுண்ணறிவுச் சட்டத்தில், மருத்துவத் தேவைகளும் பாதுகாப்புத் தேவைகளும் நீங்கலாக, பணியிடங்களிலும் கல்விக்கூடங்களிலும் இவ்வகை உணர்ச்சிக் கணிப்பைத் தடைசெய்தது. அத்தடை 2025 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்தது. தடைக்குக் கூறப்பட்ட காரணங்களில் ஒன்று, ஒரே உணர்ச்சி மனிதருக்கு மனிதரும் பண்பாட்டுக்குப் பண்பாடும் வேறுபட்டு வெளிப்படுவதால் இக்கணிப்புகளுக்கு உறுதியான அடிப்படை இல்லை என்பது. குப்ராவும் ராஸியும் சிம்னானியும் தம் பட்டியல்களில் ஒருவரோடு ஒருவர் முரண்பட்டு நின்றபோது வெளிப்பட்ட அதே வேறுபாட்டை, சட்டம் இயற்றியவர்கள் வேறு வழியில் வந்து கண்டிருக்கிறார்கள். வேலைக்கு ஆள் எடுக்கும் அறைகளிலும் கடைத்தெருக் கண்காணிப்பிலும் இக்கருவிகளை எவ்வளவு அனுமதிப்பது என்பதைப் பிற நாடுகளைப்போலவே வளைகுடா நாடுகளும் தீர்மானிக்க வேண்டியுள்ளது. அங்கு மக்கள்தொகையில் பெரும்பகுதி வெளிநாட்டுத் தொழிலாளர் என்பதால், கருவி தவறாகப் படித்தால் அதை மறுத்துப் பேசும் நிலையில் யார் இருப்பார் என்ற வினாவும் அத்தீர்மானத்தோடு சேர்ந்தே எழுகிறது.